ஐந்தாம் தேதிக்கு மேல் வரும் பணம்

சிறுசேமிப்புத் திட்டங்களுக்கான வட்டியை மத்திய நிதியமைச்சகம் 2016 ஏப்ரல் முதல் மூன்று மாதங்களுக்கு ஒருமுறை அறிவித்து வருகிறது. ஒவ்வொரு காலாண்டு முடியும்போதும் வட்டி கூடுமா, குறையுமா என்பதே பேச்சு. அந்த விகிதத்தை எந்தத் தொகைக்கு, எந்தத் தேதியிலிருந்து, ஆண்டுக்கு எத்தனை முறை போடுகிறார்கள் என்று யாரும் கேட்பதில்லை. விகிதம் மாறிக்கொண்டே இருக்கும் கணக்கில் சேமிப்பவருக்கு எவ்வளவு கிடைக்கும் என்பதைக் கணக்கிடும் முறையும் தீர்மானிக்கிறது. சில இடங்களில் விகிதத்தைவிட அதற்கே பங்கு அதிகம்.

வங்கிச் சேமிப்புக் கணக்கே இதற்குச் சான்று. 2010 மார்ச் வரை, மாதத்தின் 10-ஆம் தேதிக்கும் கடைசி நாளுக்கும் இடையில் இருந்த மிகக் குறைந்த இருப்புக்கு மட்டுமே வங்கிகள் 3.5 சதவீத வட்டி கொடுத்தன. அந்த ஏப்ரல் 1 முதல் ஒவ்வொரு நாள் இருப்புக்கும் வட்டி போட வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதியை மாற்றியது. மாதத் தொடக்கத்தில் 30,000 ரூபாய் சம்பளம் வந்து, சிறுகச் சிறுகச் செலவாகி, மாதக் கடைசியில் 2,000 ரூபாய் மிஞ்சும் கணக்கு ஒன்றை எடுத்துக்கொள்வோம். பழைய முறையில் அதற்கு மாத வட்டி 6 ரூபாய்கூடத் தேறாது. தினசரி முறையில் சராசரி இருப்பு சுமார் 16,000 ரூபாய். வட்டி 46 ரூபாய்க்கு மேல். 2011 அக்டோபரில் சேமிப்புக் கணக்கு வட்டியை முடிவு செய்யும் உரிமை வங்கிகளுக்கே விடப்பட்டது. பிறகு விகிதம் இறங்கியது. ஸ்டேட் வங்கியில் 2020-இல் 2.7 சதவீதத்துக்கு வந்தது. அந்த 2.7-இல் கணக்குப் போட்டாலும் 36 ரூபாய் வருகிறது. விகிதம் ஏறக்குறைய கால்பங்கு குறைந்தும் வட்டி ஆறு மடங்கு கூடியிருக்கிறது. அஞ்சலகச் சேமிப்புக் கணக்கு 4 சதவீதம் தருகிறது. ஆனால் அங்கே பத்தாம் தேதி விதி அப்படியே இருக்கிறது. அதே சம்பளத்தை அங்கே போட்டு எடுத்தால் மாதத்துக்கு 7 ரூபாய்க்குள்தான் வட்டி. பணத்தைத் தொடாமல் வைத்திருப்பவருக்கு அஞ்சலகம் மேல். எடுத்துப் புழங்குகிறவருக்கு அந்த 4 சதவீதம் வெறும் எண்.

பி.பி.எஃப் என்று எல்லோரும் அழைக்கும் பொது வருங்கால வைப்பு நிதி 1968-இல் வந்த திட்டம். அதன் விதி இது: ஒவ்வொரு மாதமும் 5-ஆம் தேதி முடிவுக்கும் மாதக் கடைசிக்கும் இடையில் இருந்த குறைந்த இருப்புக்கு அந்த மாத வட்டி, பன்னிரண்டு மாத வட்டியும் சேர்ந்து மார்ச் 31 அன்று அசலில் ஏறும். நடுவில் விகிதம் மாறினால் அந்தந்த மாதத்துக்கு அப்போதைய விகிதம். இதில் பெரிய நன்மை ஒன்று உண்டு. பத்தாம் வகுப்புக் கணக்கு தெரிந்த எவரும் ஒரு தாளில் போட்டுச் சரிபார்த்துவிடலாம். 2018-19-இல் முதல் ஆறு மாதம் 7.6 சதவீதம், அடுத்த ஆறு மாதம் 8 சதவீதம். ஆண்டு முழுவதும் 5,00,000 ரூபாய் அசையாமல் இருந்தால் முதல் பாதிக்கு 19,000, இரண்டாம் பாதிக்கு 20,000, ஆக மொத்தம் 39,000 ரூபாய். விகிதம் மாறினாலும் கணக்கு சிக்கலாகவில்லை. இந்த எளிமைக்கு ஒரு விலையும் உண்டு: ஆண்டுக்குள் வட்டிக்கு வட்டி கிடையாது. அதே விகிதங்களில் காலாண்டுக்கு ஒருமுறை அசலில் சேர்த்திருந்தால் 40,155 ரூபாய் வந்திருக்கும். வங்கி ஃபிக்ஸட் டெபாசிட்டில் காலாண்டுக் கூட்டு வட்டிதான் வழக்கம். அங்கே 7 சதவீதம் என்றால் ஆண்டு முடிவில் உண்மையில் 7.19 சதவீதம் கிடைக்கும், பி.பி.எஃப்-இன் 7.1 சதவீதம் 7.1 ஆகவே நிற்கும். பி.பி.எஃப் வட்டிக்கு வருமான வரி இல்லை என்பதால் வரி கட்டுகிறவருக்கு இந்தக் குறை ஈடாகிவிடுகிறது. வரி வரம்புக்குள்ளேயே வராத சிறு சேமிப்பாளருக்கு அந்த ஈடும் இல்லை.

விகிதம் மாறும் நெடுங்காலக் கணக்கைப் பற்றி இன்னொரு தவறான எண்ணமும் பரவலாக இருக்கிறது. பல ஆண்டு விகிதங்களைக் கூட்டி வகுத்து, அந்தச் சராசரியை வைத்தே முதிர்வுத் தொகையைச் சொல்லிவிடுகிறார்கள். ஒரே தடவை போட்ட பணத்துக்கு எந்த விகிதம் முதலில் வந்தது, எது பின்னால் வந்தது என்பதால் வித்தியாசம் வராது. ஆண்டுதோறும் கட்டுகிறவருக்கு வரும். இரண்டு ஆண்டுகளின் தொடக்கத்திலும் ஒரு லட்சம் ரூபாய் கட்டுவதாகக் கொள்வோம். முதலில் 12, அடுத்து 8 சதவீதம் என்றால் முடிவில் 2,28,960 ரூபாய். முதலில் 8, அடுத்து 12 என்றால் 2,32,960 ரூபாய். சராசரி இரண்டிலும் பத்துதான். எடுத்துக்காட்டுக்காக மட்டும் நான் இந்த எண்களைப் பிடிக்கவில்லை. பி.பி.எஃப் வட்டி 2000 ஜனவரி வரை 12 சதவீதமாக இருந்து, 2003 மார்ச்சில் 8-க்கு வந்தது. 1990 வாக்கில் கணக்குத் தொடங்கி ஆண்டு தவறாமல் கட்டியவருக்கு இருப்பு சிறியதாக இருந்தபோது 12 சதவீதமும், இருப்பு பெருகி நின்ற கடைசி ஆண்டுகளில் 8, 9 சதவீதமும் கிடைத்தன. எந்தக் கணக்கு முறையாலும் இதைத் திருத்த முடியாது. ஆனால் கணக்குத் தொடங்க வருகிறவரிடம் இதைச் சொல்லாமல் சராசரியைக் காட்டி ஆசை ஊட்டுவது நேர்மையல்ல.

திருத்தக்கூடியது, திருத்த வேண்டியது, அந்த ஐந்தாம் தேதி விதிதான். 7.1 சதவீத விகிதத்தில் 1,50,000 ரூபாயை ஏப்ரல் 5 அன்று கட்டினால் அந்த மாத வட்டி 887 ரூபாய் 50 காசு. மறுநாள் கட்டினால் ஒரு காசும் இல்லை. அந்தப் பணத்துக்கு ஒரு நாள் வட்டி 29 ரூபாய்தான். ஒரு நாள் தாமதத்துக்குப் போவதோ முப்பது நாள் வட்டி. எடுக்கும்போதும் இதே அடி விழுகிறது. ஒரு லட்சத்தை 28-ஆம் தேதி எடுத்தால், அந்தப் பணம் 27 நாள் அரசிடம் இருந்தும், அதற்கான மாத வட்டி 591 ரூபாய் முழுவதும் போய்விடுகிறது. குமாஸ்தா பேரேட்டில் கையால் எழுதிக் கூட்டிய காலத்தில் மாதத்துக்கு ஒரு இருப்பை மட்டும் பார்ப்பது தவிர்க்க முடியாத ஏற்பாடு. இன்று வங்கிகள் கோடிக்கணக்கான சேமிப்புக் கணக்குகளுக்குத் தினசரி வட்டி போட்டுக்கொண்டிருக்கும்போது, அதே வங்கிக் கிளையில் உள்ள பி.பி.எஃப் கணக்குக்கும், பெண் குழந்தைகளுக்கான செல்வமகள் சேமிப்புக் கணக்குக்கும் மட்டும் அந்தப் பழைய ஏற்பாடு தொடர்வதற்குக் காரணம் இல்லை.

ஐந்தாம் தேதிக்குள் கட்டிவிட்டால் போயிற்று, விதி தெரிந்தவருக்கு நஷ்டமில்லை என்பது வழக்கமாக வரும் மறுப்பு. சம்பளம் எப்போது வருகிறது என்று பார்த்தால் இந்த வாதம் நிற்காது. ஆயிரம் பேருக்குக் குறைவாக வேலை செய்யும் இடங்களில் 7-ஆம் தேதி வரையும், மற்ற இடங்களில் 10-ஆம் தேதி வரையும் கூலி கொடுக்கலாம் என்றது 1936-ஆம் ஆண்டின் ஊதியச் சட்டம். 2019-ஆம் ஆண்டின் ஊதியத் தொகுப்புச் சட்டமும் மாதச் சம்பளத்துக்கு 7-ஆம் தேதியையே எல்லையாக வைத்திருக்கிறது. சம்பளம் ஏழாம் தேதி வரலாம் என்று ஒரு சட்டம் சொல்ல, சேமிப்பு ஐந்தாம் தேதிக்குள் வர வேண்டும் என்று இன்னொரு விதி சொல்கிறது. இடையில் மாட்டிக்கொள்வது தொழிலாளி. தொகை அற்பம்தானே என்பது அடுத்த மறுப்பு. மாதம் 5,000 ரூபாயை எப்போதும் 7-ஆம் தேதி கட்டுகிறவர் மாதத்துக்கு இழப்பது 30 ரூபாய்க்குள்தான், 7.1 சதவீதம் மாறாமல் இருந்தால், பதினைந்து ஆண்டு முடிவில் அது சுமார் 9,000 ரூபாய். பதினைந்தரை லட்சத்துக்கு மேல் முதிரும் கணக்கில் இது சிறு பங்கு என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒவ்வொரு மாதமும் அதே மனிதர்களிடமே பிடிக்கப்படும் தொகையைச் சிறியது என்று சொல்லித் தள்ளிவிட முடியாது.

தினசரிக் கணக்கைச் சேமிப்பாளரால் சரிபார்க்க முடியாதே என்ற கேள்வியை நான் மதிக்கிறேன். எளிமை பி.பி.எஃப்-இன் உண்மையான பலம். ஆனால் அந்தப் பலம் இப்போதும் பயன்படவில்லை. வட்டி என்று மார்ச் 31 தேதியிட்டு ஒரே வரிதான் பாஸ்புக்கில் அச்சாகிறது. மாதம், எடுத்துக்கொண்ட இருப்பு, விகிதம், வட்டி என்று பன்னிரண்டு வரிகள் அச்சிட்டால், தினசரி முறையிலும் எங்கே தவறு என்று சேமிப்பாளர் விரல் வைத்துக் காட்ட முடியும். அரசுக்குச் செலவு கூடும் என்ற அச்சமும் பாதிதான் சரி. ஏப்ரல் 5 அன்று ஒன்றரை லட்சம் கட்டுகிறவருக்கு இன்றைய விதி, பணம் வராத நான்கு நாளுக்கும் சேர்த்து வட்டி கொடுக்கிறது. நாள் கணக்கில் அவருக்கு 758 ரூபாய்தான் வரும். 129 ரூபாய் குறையும். விதியை அறிந்து, பெருந்தொகையைச் சரியான நாளில் போடும் வசதி உள்ளவர்கள் இந்த மாற்றத்தை எதிர்க்கலாம். அவர்களுக்குக் குறைவது, பணம் கணக்கிலேயே இல்லாத நாட்களுக்கான வட்டி மட்டுமே.