கோடு விழாவிட்டால் நோய் இல்லையா?

2020ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் ‘ரேபிட் டெஸ்ட்’ என்ற சொல்லைக் கேளாத வீடு தமிழ்நாட்டில் இருந்திருக்க முடியாது. செய்தித்தாள்கள் அதனைத் ‘துரிதப் பரிசோதனைக் கருவி’ என்று எழுதின. துரிதம் என்பது சரி. ஆனால் எதைப் பரிசோதிக்கும் கருவி? அப்பெயர் இக்கேள்விக்கு விடை கூறவில்லை. வெப்பமானியையும் பாரமானியையும் ‘கண்ணாடிக் குழாய்’ என்ற ஒரே பெயரால் அழைத்தால் என்ன குழப்பம் நேருமோ, அதே குழப்பம்தான் நேர்ந்தது. இயற்பியல் கற்பிக்கும் எனக்கு, ஓர் அளவுகருவியைப் பற்றி முதலில் கேட்கத் தோன்றுவது அது என்ன விலை என்பதன்று. அது எதை அளக்கிறது என்பதே. அந்த நோக்கில் இந்தக் கருவிகளையும், அவற்றை நாம் பயன்படுத்திய முறையையும் சற்று விமர்சித்துப் பார்ப்போம்.

வைரஸ் உடலில் புகுந்தபின் இரண்டு வகைத் தடயங்கள் கிடைக்கின்றன. முதலாவது, வைரஸின் உடற்பகுதியே ஆன புரதம். இதுவே ஆன்டிஜென். இரண்டாவது, அப்புரதத்தை எதிர்த்து நம் உடல் செய்துகொள்ளும் ஆன்டிபாடி. நம் பாடநூல்களில் ‘எதிர்ப்பொருள்’ என்று படித்திருப்பீர்கள். முன்னது திருடன், பின்னது அவன் வந்த பிறகு வீட்டுக்காரர் வாங்கி மாட்டிய பூட்டு. கதவில் புதுப் பூட்டு தொங்குவதைக் கண்டால், என்றோ ஒருநாள் திருடன் வந்தான் என்று ஊகிக்கலாம். அவன் இப்போது உள்ளே இருக்கிறானா என்று பூட்டு சொல்லாது. அதுபோலவே, பூட்டு இல்லை என்பதால் திருடன் இல்லை என்றும் ஆகாது. நேற்றிரவுதான் வந்திருப்பான், கடை இன்னும் திறந்திருக்காது!

இதை மனத்திற்கொண்டு 2020 ஏப்ரலுக்குத் திரும்புவோம். தமிழ்நாடு 50,000 துரிதக் கருவிகளுக்கு ஆணை கொடுத்திருந்தது; கருவி ஒன்றின் விலை 600 ரூபாய். ஏப்ரல் 17ஆம் நாள் முதல் தவணையாக 24,000 வந்து சேர்ந்தன. இவை ஆன்டிபாடி பார்க்கும் கருவிகள். கோவிட் நோயில் பெரும்பாலோர்க்குக் காய்ச்சல் கண்டு இரண்டாம் வாரத்தில்தான் ஆன்டிபாடி கருவிக்குப் புலப்படும் அளவுக்கு உயரும். ஆகவே, மூன்றாம் நாள் காய்ச்சலோடு வருபவரிடம் இக்கருவி ‘இல்லை’ என்று சொன்னால் அது கருவியின் குற்றமன்று. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமும் இதனை நோய்ப் பரவலைக் கண்காணிக்கும் கருவியாகவே முன்வைத்தது. ஆனால் மக்கள் எதிர்பார்த்தது வேறு. அரை மணி நேரத்தில் ‘எனக்கு நோய் உண்டா, இல்லையா’ என்று தெரிந்துவிடும் என்றே பலரும் நம்பினர்.

நான்கே நாட்களில் கதை மாறியது. தொண்ணூறு விழுக்காடு சரியாக இருக்கும் என்று எதிர்பார்த்த கருவிகள் வெறும் 5.4 விழுக்காடே சரியாகக் காட்டின என்று இராஜஸ்தான் அரசு அறிவித்தது. ஏப்ரல் 27 அன்று, சீனாவின் வோண்ட்ஃபோ, லிவ்சான் ஆகிய இரு நிறுவனங்களின் கருவிகளையும் பயன்படுத்த வேண்டாம், திருப்பி அனுப்புங்கள் என்று ஆராய்ச்சிக் கழகம் மாநிலங்களுக்கு எழுதியது. தமிழ்நாடும் திருப்பி அனுப்ப முடிவு செய்தது. ‘மட்டமான சரக்கு’ என்ற தீர்ப்போடு பொதுமக்கள் அத்துடன் அதை மறந்தனர்.

என் குறை இங்குதான் தொடங்குகிறது. அந்த நிகழ்ச்சியில் இரண்டு பிழைகள் கலந்திருந்தன. கருவி சரியில்லை என்பது ஒன்று. அதனிடம் கேட்கப்பட்ட கேள்வியே தவறு என்பது மற்றொன்று. முதற்பிழை எல்லார்க்கும் தெரிந்தது. இரண்டாம் பிழையை யாரும் விளக்கவில்லை. உலகின் மிகச் சிறந்த ஆன்டிபாடிக் கருவியாக இருந்திருந்தாலும், முதல் வாரத்து நோயாளியிடம் அது தோற்றுத்தான் இருக்கும். ஜூன் 14 அன்று ஆன்டிஜென் பார்க்கும் கருவிக்கு ஒப்புதல் வந்தபோது, அதற்கும் ‘ரேபிட்’ என்றே பெயர்! மூக்குச் சளியில் வைரஸையே தேடும் கருவியும், இரத்தத்தில் பழைய பூட்டைத் தேடும் கருவியும் ஒரே பெயரில் உலவின. வாசகர் எவ்வாறு பிரித்தறிவார்?

ஆன்டிபாடிச் சோதனை என்றாலே பயனற்றது என்று எண்ணிவிடவேண்டாம். 1986ஆம் ஆண்டு, இதே தமிழ்நாட்டில், சென்னை மருத்துவக் கல்லூரியில் நுண்ணுயிரியல் பயின்றுகொண்டிருந்த டாக்டர் செல்லப்பன் நிர்மலா, பேராசிரியை சுனிதி சாலமனின் வழிகாட்டலில், இந்தியாவில் எய்ட்ஸ் வைரஸ் உண்டா என்று தேடினார். சென்னையில் சேகரித்த இரத்த மாதிரிகளை வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரிக்கு எடுத்துச் சென்று ‘எலைசா’ முறையில் சோதித்தபோது ஆறு மாதிரிகள் நிறம் மாறின. அப்பெண்களிடம் மீண்டும் இரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். அமெரிக்காவுக்கு அனுப்பி ‘வெஸ்டர்ன் பிளாட்’ என்னும் வேறொரு முறையால் உறுதி செய்தார்கள். அதன் பிறகே நாடு அறிந்தது. அங்கே கேட்கப்பட்ட கேள்வி, ‘இந்த வைரஸ் இம்மக்களிடையே வந்துவிட்டதா?’ என்பது. அதற்குப் பூட்டே போதுமான சாட்சி. எய்ட்ஸ் வைரஸ் வெளியேறாமல் உடலிலேயே தங்கிவிடுவதால், அங்கே பூட்டு இருந்தால் திருடனும் உள்ளே இருக்கிறான் என்றே பொருள். கேள்வியும் கருவியும் பொருந்தின. ஒரே சோதனையை நம்பி நிற்கவும் இல்லை.

(இடையில் ஒரு செய்தி. எதிர்ப்பொருளை அளவுகோலாக்கி இரத்தத்தில் உள்ள மிக நுண்ணிய அளவுகளை அளக்கும் முறையைப் பெர்சனுடன் சேர்ந்து உருவாக்கி, 1977இல் நோபல் பரிசு பெற்ற ரோசலின் யாலோ, அணுக்கரு இயற்பியல் படித்தவர். நம் துறைக்காரர்!)

இனி அந்தப் பட்டையைக் கவனிப்போம். விளக்குத் திரியில் எண்ணெய் ஏறுகிறதே, அதே நுண்புழை விளைவினால்தான் பட்டையில் திரவம் நகர்கிறது. வழியில் நுண்ணிய பொன்துகள்களின் மீது ஒட்டவைக்கப்பட்ட ஆன்டிபாடிகள் காத்திருக்கின்றன. வைரஸ் புரதம் வந்தால் அவை பற்றிக்கொண்டு உடன் செல்லும். சோதனைக் கோட்டில் நிலையாகப் பதிக்கப்பட்ட மற்றொரு வரிசை ஆன்டிபாடிகள் அப்புரதத்தின் இன்னொரு பக்கத்தைப் பிடித்து நிறுத்தும். பொன்துகள்கள் அங்கே குவியக் குவியச் சிவப்புக் கோடு தெரியும். பொன் ஏன் சிவப்பாகத் தெரிகிறது என்கிறீர்களா? அத்தனை சிறிய துகளில் உள்ள எலெக்ட்ரான்கள் பச்சை ஒளியோடு ஒத்ததிர்ந்து அதை உறிஞ்சிவிடுகின்றன. இந்தச் சிவப்புப் பொன் கரைசலை 1857லேயே ஆராய்ந்தவர் ஃபாரடே.

இங்கே இரண்டு உண்மைகளை மறக்கலாகாது. முதலாவது, கண்ணுக்குக் கோடு தெரிய வேண்டுமானால் பல்லாயிரக்கணக்கான துகள்கள் குவிய வேண்டும். ஆர்.டி.பி.சி.ஆர். முறையில் வைரஸின் மரபுப் பொருள் ஒவ்வொரு சுற்றிலும் இரட்டிக்கப்படுகிறது. முப்பது சுற்றில் ஒன்று நூறு கோடிக்கும் மேலாகிவிடும். பட்டையில் அத்தகைய பெருக்கம் இல்லை. வந்ததை மட்டுமே காட்டும். இரண்டாவது, ‘சி’ என்ற கட்டுப்பாட்டுக் கோடு. அது விழுந்தால் சோதனை சரியாக நடந்தது என்று பலர் நினைக்கின்றனர். திரவம் ஓடியது, பொன்துகள்கள் வேலை செய்கின்றன என்பதற்கு மட்டுமே அது சான்று. குச்சி மூக்கினுள் போதிய தூரம் சென்றதா என்பது அதற்குத் தெரியாது.

அந்த ஆன்டிஜென் கருவிக்கு ஆராய்ச்சிக் கழகம் வெளியிட்ட எண்கள் வெளிப்படையானவை. நோயுள்ளவரைக் கண்டுபிடிக்கும் திறன் 50.6 முதல் 84 விழுக்காடு; நோயில்லாதவரை இல்லை என்று சொல்லும் திறன் 99.3 முதல் 100 விழுக்காடு. இதை நம் ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பகுதிக்குக் கொண்டுவந்து கணக்கிடுவோம். ஒரு தொழிற்சாலையில் 1,000 பேர். அவர்களில் நூற்றுக்கு ஒருவர், அதாவது 10 பேர், தொற்றுள்ளவர் என்று கொள்வோம். கண்டறியும் திறன் 60 என்றால், 6 பேர் பிடிபடுவர். 4 பேர் ‘நெகடிவ்’ தாளோடு உள்ளே செல்வர். மீதி 990 பேரில் 99.3இன்படி ஏறத்தாழ 7 பேருக்கு இல்லாத நோய் இருப்பதாகக் கோடு விழும். அப்படியானால் கோடு விழுந்த 13 பேரில் பாதிக்கு மேல் நோயற்றவர்! அதே கருவி, தொற்று நூற்றுக்கு இருபதாகப் பரவிய காலத்தில், கோடு விழுந்தவர்களில் ஏறத்தாழ எல்லாரையும் சரியாகவே சொல்லும். ஆனால் 80 பேரைத் தவறவிடும். கருவி மாறவில்லை, சூழல் மாறியது, தாளின் பொருளும் மாறிவிட்டது. காய்ச்சல் அறிகுறி உள்ளவருக்கு ‘இல்லை’ என்று வந்தால் ஆர்.டி.பி.சி.ஆர். செய்தே தீரவேண்டும் என்று கழகம் வகுத்த விதி இதனால்தான். இந்த விஷயத்தில் தமிழ்நாடு பட்டையை நம்பாமல் ஆர்.டி.பி.சி.ஆரையே பிடித்துக்கொண்டு நின்றது பாராட்டத்தக்கது.

இருப்பினும் தொழிற்சாலை வாயிலில் இந்த நுட்பங்கள் எவையும் செல்லுபடியாகவில்லை. லேசான நோய் கண்டவர்களை மறுசோதனையின்றியே பத்து நாளில் விடுவிக்கலாம் என்று மத்திய அரசு 2020 மே 8 அன்றே கூறிவிட்டது. இறந்த வைரஸின் துணுக்குகளைக் கூட ஆர்.டி.பி.சி.ஆர். பல வாரங்கள் காட்டிக்கொண்டிருக்கும் என்பதே காரணம். ஆனால் ஒப்பந்தத் தொழிலாளியாக இருந்த என் பழைய மாணவர் ஒருவர், ‘நெகடிவ் தாள் கொண்டுவா’ என்று திருப்பி அனுப்பப்பட்டு, நோய் தீர்ந்த பின்னும் பதினேழு நாட்கள் கூலியின்றி இருந்தார். தாள் வைத்திருந்தவர்களோ கம்பெனிப் பேருந்தில் இருக்கைக்கு இருவராக நெருங்கி அமர்ந்து போயினர். 2021 மே மாதத்தில் ஒரகடம் ரெனோ-நிஸான் தொழிற்சாலையின் தொழிலாளர் சங்கம் உயர் நீதிமன்றத்தில் முறையிட்டது, உற்பத்தி வரிசையில் ஆளுக்கு ஆள் இடைவெளி வேண்டும் என்றுதான். அவர்கள் கேட்டதே சரியான கேள்வி என்பது என் கருத்து.

ஆன்டிபாடிக் கணக்கெடுப்பையும் இப்படியே அவசரமாகப் படித்தோம். 2020 இறுதியில் தமிழ்நாட்டில் நூற்றுக்கு 32 பேரிடம் ஆன்டிபாடி இருந்தது. 2021 ஏப்ரலில் 23 பேரிடம்தான். நோய் கண்டவர் தொகை குறைய முடியுமா? முடியாது. காலப்போக்கில் ஆன்டிபாடி கருவியின் எல்லைக்குக் கீழே இறங்கிவிட்டது என்பதே பொருத்தமான விளக்கம். எதிர்ப்பாற்றலே போய்விட்டது என்று இதற்குப் பொருள் கொள்ளவும் வேண்டாம். நினைவு செல்கள் இந்தச் சோதனைக்குப் புலப்படுவதில்லை.

கோவிட் அலை அடங்கிவிட்டது; டெங்கு அடங்கவில்லை. மழைக்காலத்தில் தொழிலாளர் விடுதிகளின் தண்ணீர்த் தொட்டிகள் கொசுவுக்கு நல்ல இடம். அங்கே காய்ச்சல் கண்டவர் கையில் இன்று இருப்பது ‘என்.எஸ்.1’, ‘ஐ.ஜி.எம்.’, ‘ஐ.ஜி.ஜி.’ என்று மூன்று வரி கொண்ட தாள். என்.எஸ்.1 என்பது வைரஸின் புரதம், ஆன்டிஜென். முதல் ஐந்து நாட்களுக்கு உரியது. ஐ.ஜி.எம். ஆன்டிபாடி, ஐந்தாம் நாளுக்குப் பின் தேட வேண்டியது. ஐ.ஜி.ஜி. மட்டும் இருந்தால் அது பெரும்பாலும் பழைய டெங்குவின் பூட்டு. ஏழாம் நாள் வருபவருக்கு என்.எஸ்.1 மட்டும் பார்த்து ‘டெங்கு இல்லை’ என்று எழுதினால், 2020 ஏப்ரலின் அதே பிழை தலைகீழாக நடக்கிறது. பட்டைக்குப் பதில் எலைசா முறையைத் தேசியத் திட்டம் வலியுறுத்துகிறது. புனே வைராலஜி நிறுவனம் தயாரிக்கும் ஐ.ஜி.எம். கருவிகள் கண்காணிப்பு மருத்துவமனைகளுக்கு வழங்கப்படுகின்றன. ஆனால் எந்தப் பரிசோதனைத் தாளிலும் நான் தேடி அலுத்த ஒரு வரி உண்டு: காய்ச்சல் தொடங்கியது எந்த நாள்? இரத்தம் கொடுக்கும்போது அதை நீங்களே கேட்டு எழுதச் சொல்லுங்கள்.