தாமதமாக வந்த ஆசீர்வாதம்: மெரிலின் ராபின்சனின் ‘கிலியட்’

1

மெரிலின் ராபின்சனின் ‘கிலியட்’ நாவலில் ஒரு கணக்கு வருகிறது. ஜான் ஏம்ஸ் என்ற 76 வயதுப் போதகர், தான் வாழ்நாளில் எழுதிய பிரசங்கங்களை எண்ணிப் பார்க்கிறார். ஆண்டுக்கு 50 வீதம் 45 ஆண்டுகள். மொத்தம் 2,250. ஒவ்வொன்றும் சராசரியாக 30 பக்கம் என்று வைத்தால் 67,500 பக்கங்கள். எல்லாம் பரணில் பெட்டி பெட்டியாகக் கிடக்கின்றன. எங்கள் மென்பொருள் துறையில் இப்படிப்பட்ட சரக்குக்கு ‘லெகசி கோட்’ என்று பெயர். யாரும் தொடமாட்டார்கள், அழிக்கவும் மனம் வராது.

ஆனால் ஏம்ஸ் மறக்க முடியாமல் நினைத்துக்கொண்டிருக்கும் பிரசங்கம் அந்தப் பெட்டிகளில் இல்லை. 1918இல் விஷக்காய்ச்சல் பரவி இளைஞர்கள் கொத்துக்கொத்தாகச் செத்துக்கொண்டிருந்தபோது, போருக்கு எதிராக அவர் ஒரு பிரசங்கம் எழுதினார். ஞாயிற்றுக்கிழமை வருமுன் அதை அடுப்பில் போட்டுவிட்டார். கேட்க வரப்போகிறவர்கள் ஏற்கெனவே துயரத்தில் இருக்கும் நாலைந்து மூதாட்டிகள்தான், அவர்களும் தன்னைப்போலவே போரை வெறுப்பவர்கள்தான், அவர்களிடம் போய் இதை எப்படிச் சொல்வது என்ற யோசனை. பதிலாக வேறொரு பிரசங்கம் செய்தார். மறுமையில் பதில் சொல்லவேண்டி வந்தால், எரித்த அந்த ஒன்றுக்காகப் பதில் சொல்லத் தனக்குக் கூச்சமில்லை என்று பின்னாளில் நினைக்கிறார்.

முதல் வாசிப்பில் இந்த இடம் எனக்கு ஒரு நல்ல மனிதரின் கனிவாக மட்டுமே தெரிந்தது. இப்போது நாவல் முழுவதற்குமான சாவி இங்கேதான் இருக்கிறது என்று தோன்றுகிறது. ஏம்ஸின் கனிவு உண்மையானது. அந்தக் கனிவு அவரைப் பேசாமலும் இருக்க வைக்கிறது.

2

‘கிலியட்’ 2004இல் வெளிவந்தது, 2005இல் புலிட்சர் பரிசு பெற்றது. ராபின்சனின் முதல் நாவல் ‘ஹவுஸ்கீப்பிங்’ வந்தது 1980இல். நடுவில் 24 ஆண்டுகள் அவர் நாவலே எழுதவில்லை, கட்டுரைகள் எழுதினார். ‘கிலியட்’டின் கதைக்காலம் 1956. அயோவா மாநிலத்தில் கிலியட் என்ற கற்பனைச் சிற்றூர். நம் தமிழ் பைபிளில் கீலேயாத். அங்கே காயத்துக்கு மருந்து கிடையாதா என்று எரேமியா தீர்க்கதரிசி கேட்பாரே, அந்த ஊர்ப்பெயர்தான். இதய நோயால் சீக்கிரம் சாகப்போகும் ஏம்ஸ், ஏழு வயதை நெருங்கும் தன் மகன் பெரியவனானதும் படிப்பதற்காக எழுதும் நீண்ட கடிதமே நாவல்.

இந்த நாவலை ஒரு நண்பனுக்குக் கொடுத்தேன். ஐம்பது பக்கம் தாண்டியதும் “மச்சி, இதுல கதை எப்பதான்டா ஆரம்பிக்கும்?” என்று கேட்டான். நியாயமான கேள்வி. பக்கம் பக்கமாக ஒரு கிழவர் வெயிலைப் பற்றியும், குழந்தை ஊதும் சோப்புக் குமிழியைப் பற்றியும், சின்ன வயதில் பூனைக்குட்டிகளுக்கு ஞானஸ்நானம் கொடுத்ததைப் பற்றியும் எழுதிக்கொண்டே போகிறார். ஆனால் இவையெல்லாம் அலங்காரத்துக்காக வரவில்லை. அவருடைய இறையியலே இப்படிப் பார்ப்பதில்தான் இருக்கிறது.

ஏம்ஸ் காங்கிரிகேஷனல் சபையைச் சேர்ந்தவர். நமக்கு முற்றிலும் அந்நியமான சபையல்ல அது. 1834இல் மதுரைக்கு வந்து, பின்னர் அமெரிக்கன் கல்லூரியைத் தொடங்கிய மிஷனும் பெரும்பாலும் அந்தச் சபைக்காரர்களுடையதுதான். கால்வினின் வழிவந்த மரபு. கால்வின் என்றால் முகத்தைச் சுளித்துக்கொண்டு நரகத்தைப் பற்றிப் பேசுகிறவர் என்ற படம்தான் பலர் மனதில் இருக்கும். ராபின்சன் தன் கட்டுரைகளில் விடாமல் வாதிட்டது இந்தப் படத்துக்கு எதிராகத்தான். அவர் காட்டும் கால்வின், எதிரே நிற்கும் மனிதன் எவனாக இருந்தாலும் அவனில் இறைவனின் சாயல் உண்டு, அதற்கு நீ கடமைப்பட்டிருக்கிறாய் என்று சொல்பவர். ஏம்ஸ் இதை இப்படிப் புரிந்துகொள்கிறார்: ஒரு மனிதர் உன் முன்னால் வரும்போது உன்னிடம் ஒரு கேள்வி வைக்கப்படுகிறது. இந்த நொடியில், இந்த ஆளிடம், கடவுள் உன்னிடம் என்ன எதிர்பார்க்கிறார்?

கிறிஸ்தவ மனிதநேயம் என்று சொல்லப்படுவதன் சாரம் இந்தக் கேள்விதான் என்று நினைக்கிறேன். நான் எந்த ஆலயத்துக்கும் போகாத ஆள். ஆனாலும் இந்தக் கேள்வி எனக்கும் பொருந்துகிறது. அதில் ‘கடவுள்’ என்ற சொல்லை எடுத்துவிட்டால் அதே கனம் இருக்குமா என்பதுதான் எனக்குத் தெளிவாகாத விஷயம்.

3

நாத்திகம் ஏம்ஸின் வீட்டுக்குள்ளேயே வளர்ந்தது. சபை மக்கள் பணம் போட்டு அவருடைய அண்ணன் எட்வர்டை ஜெர்மனிக்குப் படிக்க அனுப்புகிறார்கள். அவர் நம்பிக்கை இழந்து திரும்பிவருகிறார். சாப்பாட்டு மேஜையில் ஜெபம் சொல்லச் சொன்னால் மறுக்கிறார். கடவுள் என்பது மனிதன் தன் சொந்த இயல்பை வானத்தில் வைத்துப் பார்ப்பதுதான் என்று சொன்ன ஃபாயர்பாக்கின் நூலைத் தம்பிக்கு வாசிக்கக் கொடுக்கிறார். ஏம்ஸ் வாசிக்கிறார். ரசிக்கிறார்! மதத்தின் மகிழ்ச்சியான பக்கத்தைப் பற்றி ஃபாயர்பாக்கைப்போல் அழகாக எழுதியவர்கள் குறைவு என்று சொல்கிறார்.

சார்ல்ஸ் டெய்லர் என்ற கனடிய தத்துவவாதி 2007இல் எழுதிய ‘எ செக்யுலர் ஏஜ்’ நூலில் ஒன்றைச் சொல்கிறார். நம் காலத்தில் கடவுள் நம்பிக்கை பல வழிகளில் ஒரு வழி மட்டுமே. நம்புகிறவனுக்கும் பக்கத்து வீட்டில் நம்பாமல் நன்றாக வாழ்கிறவன் தெரிகிறான். தமிழில் மதச்சார்பின்மை என்றதும் நாம் அரசாங்கத்தைப் பற்றித்தான் யோசிக்கிறோம். டெய்லர் சொல்வது மனநிலையைப் பற்றி. ஏம்ஸ் அந்த மனநிலைக்குள் நின்றே விசுவாசி. வாதத்தில் ஜெயித்து அவர் நம்பிக்கையைக் காப்பாற்றிக்கொள்ளவில்லை. கடவுள் இருப்பதை நிரூபிக்க முயல்வதே வீண் என்பது அவர் கட்சி.

அப்படியானால் அவருடைய நம்பிக்கை எதில் நிற்கிறது? இடி விழுந்து எரிந்துபோன ஒரு தேவாலயத்தை ஊரே கூடி மழையில் இடித்து அப்புறப்படுத்திய ஒரு நாளில். அப்போது அவர் சிறுவன். அப்பா கரி படிந்த கையால் ஒரு பிஸ்கட்டைப் பிட்டுக் கொடுக்கிறார். அதை அவர் வாழ்நாள் முழுதும் திருவிருந்தாகவே நினைவில் வைத்திருக்கிறார். நம்மூர்க் கிறிஸ்தவர்கள் இதற்கு ‘விசுவாசம்’ என்ற சொல்லைப் பயன்படுத்துகிறார்கள். அதே சொல்லைத்தான் நாய்க்கும், பழைய வேலைக்காரருக்கும், சிநேகிதனுக்கும் சொல்கிறோம். ஏம்ஸிடம் இருப்பது அந்த அர்த்தத்திலான விசுவாசம். அந்தக் கரிக்கைக்கு அவர் துரோகம் செய்யமாட்டார்.

இவ்வளவு உறுதியான ஆளை ஃபாயர்பாக் அசைக்க முடியாது. அசைப்பதற்கு ராபின்சன் வேறொருவனைக் கொண்டுவருகிறார்.

4

ஜாக் பௌட்டன், ஏம்ஸின் உயிர் நண்பரான இன்னொரு போதகரின் மகன். பிள்ளையற்றிருந்த நண்பனுக்குப் பரிசாக அந்த அப்பா தன் மகனுக்கு ஜான் ஏம்ஸ் என்றே பெயர் வைத்தார். ஞானஸ்நானத்தின்போதுதான் ஏம்ஸுக்கே அது தெரியும். மனைவியையும் பச்சைக் குழந்தையையும் பிரசவத்தில் பறிகொடுத்திருந்த அவருக்கு அந்த நேரம் மனது உறைந்துபோகிறது. இது என் பிள்ளை இல்லை என்ற எண்ணம் ஓடுகிறது. பரிசு வாங்கிய கை அன்றே விலகிக்கொண்டது.

ஜாக் திருட்டும் குறும்புமாக வளர்கிறான். கல்லூரி நாட்களில் ஓர் ஏழைப் பெண்ணைத் தாயாக்கிவிட்டு ஓடிப்போகிறான். கவனிப்பாரில்லாமல் அந்தக் குழந்தை சாகிறது. தான் ஏங்கி இழந்த தந்தைமையை இவன் தூக்கியெறிந்தான் என்பதை ஏம்ஸால் மன்னிக்க முடியவில்லை. இருபது வருடம் கழித்து ஜாக் ஊர் திரும்பும்போது, ‘எதிரே வரும் ஒவ்வொருவரும் கடவுள் வைக்கும் கேள்வி’ என்று எழுதிய மனிதர், அந்த ஒரு கேள்வியை மட்டும் படிக்க மறுக்கிறார். தான் செத்தபிறகு இவன் என் மனைவியையும் மகனையும் என்ன செய்வானோ என்று பயப்படுகிறார். ஆகாரும் இஸ்மவேலும் வனாந்தரத்துக்கு அனுப்பப்பட்ட கதையைப் பிரசங்கிக்கும்போது, பிள்ளைகளைக் கைவிடும் தகப்பன்களைப் பற்றிக் குறிப்பில் இல்லாததையும் பேசிவிடுகிறார். ஜாக் முன்னால் உட்கார்ந்திருக்கிறான். முகம் வெளுக்கிறது.

ஒரு மாலையில் ஜாக் கேட்கிறான்: சிலர் பிறக்கும்போதே மீட்சியில்லாமல் விதிக்கப்பட்டவர்களா? இரண்டு போதகர்களும் சுற்றிவளைக்கிறார்கள். முன்விதிப்புக் கோட்பாடு சிக்கலானது, வார்த்தைகள் போதாது என்கிறார்கள். அவன் கேட்பது தன்னைப் பற்றி என்று அங்கே புரிந்துகொள்வது ஒருவர்தான். ஏம்ஸின் மனைவி லைலா. பள்ளிப்படிப்பு அதிகமில்லாதவர், ஊர் ஊராக அலைந்து வந்தவர். மனிதன் மாறமுடியும், எல்லாமே மாறமுடியும் என்று தயங்கியபடி சொல்கிறார். அத்தனை இறையியலும் சேர்ந்து சொல்லத் தவறியது இது.

என்னோடு வேலை பார்க்கும் ஒருவன் போதகரின் மகன். இந்தப் பகுதியைப் படித்துவிட்டு, “எங்கப்பாவை அப்படியே பாத்த மாதிரி இருக்குடா. ஊர்ல எல்லாருக்கும் அவர்கிட்ட நேரம் இருக்கும்” என்று மட்டும் சொன்னான். மேற்கொண்டு பேசவில்லை.

5

கடைசியில்தான் ஜாக் தன் ரகசியத்தைச் சொல்கிறான். அவனுக்கு டெல்லா என்ற மனைவியும் ஒரு மகனும் இருக்கிறார்கள். டெல்லா கறுப்பினத்தவர். மிசௌரி மாநிலச் சட்டப்படி அந்தத் திருமணம் செல்லாது. அமெரிக்கா முழுவதும் அப்படிப்பட்ட சட்டங்கள் ஒழிந்தது 1967இல்தான். அயோவாவில் அந்தத் தடையில்லை. இந்த ஊரில் நாங்கள் வந்து வாழமுடியுமா? இதைத் தெரிந்துகொள்ளத்தான் அவன் இத்தனை நாள் சுற்றிச் சுற்றி வந்திருக்கிறான்.

கிலியட் சாதாரண ஊர் அல்ல. அடிமைமுறையை எதிர்த்தவர்கள் உருவாக்கிய டேபர் என்ற உண்மையான அயோவா ஊரை மனதில் வைத்தே ராபின்சன் இதை எழுதினார். ஏம்ஸின் தாத்தா சங்கிலியில் கட்டுண்ட கிறிஸ்துவைத் தரிசனத்தில் கண்டு கான்சாஸுக்குப் போனவர், ஜான் பிரவுனுக்கு உதவியவர், உள்நாட்டுப் போரில் ஒரு கண்ணை இழந்தவர், வீட்டிலிருப்பதையெல்லாம் எடுத்து ஏழைகளுக்குக் கொடுத்துவிடுகிற தொல்லைபிடித்த புனிதர். அவர் பேரன் காலத்தில் அந்த ஊரில் ஒரு கறுப்பினத்தவர்கூட இல்லை.

ஏன் இல்லை என்பதை நாவலின் ஆரம்பத்திலேயே ஏம்ஸ் போகிறபோக்கில் சொல்லியிருக்கிறார். கறுப்பினத்தவரின் சபைக் கட்டடத்தின் பின்சுவரில் யாரோ சுள்ளிகளைக் குவித்துத் தீ வைத்தார்கள். சின்ன நெருப்புதான், யாரோ பார்த்து அணைத்துவிட்டார்கள். பிறகு அந்தச் சபையார் சிகாகோவுக்குப் போனார்கள். அவர்களுடைய போதகர் விடைபெற வந்தபோது தங்கள் ஆலய வாசலில் தோண்டியெடுத்த லில்லிச் செடிகளைக் கொடுத்தார். அவை இன்றும் ஏம்ஸின் ஆலய முகப்பில் பூக்கின்றன. ஜாக் அந்தத் தீயைக் குறிப்பிடும்போது, அது சின்னது, நடந்து ரொம்ப வருஷமாச்சு என்கிறார் ஏம்ஸ். இந்த ஊரில் அந்தச் சபை இல்லாமல் போயும் ரொம்ப வருஷமாகிறது என்று ஜாக் பதில் சொல்கிறான்.

ஃபாயர்பாக்கால் செய்யமுடியாததை இந்த ஒரு பதில் செய்துவிடுகிறது. பூவைப் பார்த்துக் கடவுளைப் புகழத் தெரிந்த கண்ணுக்கு, அந்தப் பூ எங்கிருந்து வந்தது என்பது உறைக்கவில்லை.

6

ஜாக் ஊரைவிட்டுப் போகும்போது ஏம்ஸ் பேருந்து நிறுத்தம்வரை கூடவே நடக்கிறார். அவன் நெற்றியில் கைவைத்து ஆசீர்வதிக்கிறார். இந்த ஒரு நிமிடத்துக்காகவே இத்தனை வருடப் போதக ஊழியமும் தகும் என்று உணர்கிறார். நாவலின் உச்சம் இது. ஞானஸ்நானத்தன்று விலகிய கை கடைசியில் திரும்பிவருகிறது. எத்தனை முறை வாசித்தாலும் என்னால் இதைச் சாதாரணமாகக் கடக்க முடிவதில்லை.

ஆனால் ஜாக் கேட்டது இதுவல்ல. அவன் கேட்டது குடியிருக்க ஓர் இடம். அதற்கு ஏம்ஸ் தெளிவான பதில் எதுவும் சொல்லவில்லை. 67,500 பக்கம் எழுதியவர் சபைமுன் எழுந்து நின்று ஒரு வாக்கியம் சொல்லியிருக்கலாம். வயதும் நோயும் காரணம் என்று சொல்லலாம்தான். 1918இல் அவருக்கு 38 வயது, ஆரோக்கியமாகத்தான் இருந்தார்.

2015இல் அதிபர் ஒபாமாவே ராபின்சனைப் பேட்டி எடுத்தார். ‘கிலியட்’டை மனதுக்கு இதமான மருந்தாக வாசிக்கிறவர்கள் ஏராளம். அதே நாட்களை ஜாக்கின் தங்கை குளோரியின் பக்கமிருந்து சொல்லும் ‘ஹோம்’ (2008) நாவலையும் சேர்த்து வாசித்தால் அந்த இதம் அவ்வளவு எளிதாகக் கிடைக்காது. அதன் கடைசியில் ஜாக் போனபிறகு டெல்லா மகனோடு காரில் அந்த வீட்டு வாசலுக்கு வருகிறார். அதிகநேரம் நிற்கவில்லை. இருட்டுவதற்குள் பாதுகாப்பான இடத்துக்குப் போய்ச் சேரவேண்டும். ஒருகாலத்தில் தப்பிவந்த அடிமைகளுக்கு அடைக்கலம் கொடுத்த ஊரில் ஒரு கறுப்பினப் பெண்ணால் இரவு தங்க முடியாது.

ராபின்சன் விசுவாசி. தான் நேசிக்கும் மரபின் ஆகச்சிறந்த மனிதனைப் படைத்து, அவனுக்கு வேண்டிய அழகையெல்லாம் கொடுத்து, அவன் எங்கே தவறினான் என்பதையும் அவரே வைக்கிறார். வெளியிலிருந்து வரும் எந்த விமர்சனமும் இவ்வளவு தூரம் உள்ளே போயிருக்காது. நம்பாதவர்களுக்கும் இதில் பங்கு உண்டு. மனிதரை நேசிக்கிறேன் என்று சொல்லிக்கொள்ளும் நாமும், நம் வீடு இருக்கும் தெருவில் யார் குடியிருக்கவில்லை, ஏன் என்று கேட்பதில்லை. ஏம்ஸுக்காவது ஜாக் வந்து கேட்டான்.