கந்தலேயும் உறங்கிப்போன சபையும்

கலேவலாவைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் நாற்பத்தொன்றாவது பாடலுக்கு வந்ததும் பரவசப்பட்டுவிடுகிறார்கள். கிழட்டுப் பாடகன் வைனாமொயினன் கந்தலே வாசிக்கிறான். காடும் நீரும் வானமும் கேட்கின்றன. கேட்டவர்கள் அனைவரும் அழுகிறார்கள். கலையின் உச்சம் இதுதான், சகல ஜீவராசிகளையும் ஒரே உணர்ச்சியில் கொண்டுவந்து நிறுத்துவது, என்று முடித்துவிடுகிறார்கள். நாற்பத்திரண்டாவது பாடலை இவர்கள் படிக்கவில்லையோ என்ற சந்தேகம் எனக்கு உண்டு. படித்தவர்களும் அதைத் தனிக் கதையாக, வேறு சமாச்சாரமாக ஒதுக்கிவிடுகிறார்கள். 40லிருந்து 44 வரை ஒரே மூச்சில் படித்தால் கிடைப்பது வேறொரு வாத்தியம்.

முதலில் அது எதால் செய்யப்பட்டது என்பதைப் பார்க்கலாம். சம்போ என்ற, மாவும் உப்பும் பணமும் ஓயாமல் அரைத்துக் கொட்டும் மாய ஆலையைக் கவர்ந்துவர வைனாமொயினனும் கொல்லன் இல்மரினனும் லெம்மின்கைனனும் வடபுலமான போஹ்யோலாவுக்குப் படகில் போகிறார்கள். படகு ஒரு ராட்சத மீனின் முதுகில் மோதி நிற்கிறது. மீனை வெட்டுகிறார்கள், சமைக்கிறார்கள், தின்கிறார்கள். மிஞ்சிய எலும்பிலிருந்து வருகிறது கந்தலே. தாடையெலும்பு உடல், பற்கள் முறுக்காணிகள், நரம்புகள் ஹீஸி என்ற துஷ்ட சக்தியின் குதிரை மயிர். களவுக்குப் போகும் வழியில், சாப்பாட்டு எச்சத்திலிருந்து, பேயின் குதிரையிடமிருந்து பிறந்த வாத்தியம். இந்தப் பிறப்பை நாட்டுப் பாடகர்கள் மறைக்கவில்லை. ரஸிகர்கள்தான் மறந்துவிட்டார்கள்.

பிறகு ஒவ்வொருவராக வாசித்துப் பார்க்கிறார்கள். இளைஞர், கிழவர், ஆண், பெண், யாருக்கும் வரவில்லை. போஹ்யோலாவுக்கே அனுப்பிப் பார்க்கிறார்கள். அங்கே அடுப்பின்மேல் படுத்திருந்த ஒரு குருட்டுக் கிழவன் அந்தச் சத்தத்தில் விழித்துக்கொண்டு, காதைப் பிளக்கிறது, அதைத் தண்ணீரில் எறியுங்கள் அல்லது செய்தவனிடமே திருப்பிக் கொடுங்கள் என்று கத்துகிறான். கலேவலாவின் முதல் சங்கீத விமர்சகன் என்று நான் அவனைச் சொல்வேன். வாத்தியமே வாய் திறந்து பதில் சொல்கிறது: நீருக்குப் போகமாட்டேன், செய்தவன் கையில்தான் ஒலிப்பேன். சத்தம் கிழவனை எழுப்பியது என்பதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

இனி அந்தப் புகழ்பெற்ற கச்சேரி. ஓநாய் சதுப்பைத் தாண்டி வருகிறது. கரடி மரத்தில் ஏறி உட்கார்ந்து கேட்கிறது. கழுகு குஞ்சுகளைக் கூட்டிலேயே விட்டுவிட்டு வருகிறது. தலைவாரிக்கொண்டிருந்த நீர்ப்பெண்கள் கையிலிருந்ததை நழுவ விடுகிறார்கள். எட்டு அசைச் சீர்நடையும், ஒரு வரி சொன்னதை அடுத்த வரி வேறு சொல்லில் திருப்பிச் சொல்லும் வழக்கமும் இங்கே வெறும் அலங்காரமாக இல்லை. முதல் வரியைத் தனியாகக் கேட்க நமக்கு அனுமதி இல்லை. இன்னொரு குரல் உடனே அதை ஆமோதித்துவிடுகிறது. கேட்பவன் கூட்டத்தில் ஒருவனாகிறான். பாடலின் உருவமே கந்தலேயின் வேலையைச் செய்கிறது.

ஆனால் ஒரு சின்ன விவரம். நீரின் தலைவி கேட்டுக்கொண்டே ஒரு பாறைமேல் கவிழ்ந்து படுத்துத் தூங்கிப்போகிறாள். எல்லோரும் அழும்போது ஒருத்தி தூங்குகிறாள். போகிறபோக்கில் வரும் இந்த இடத்தில் யாரும் நின்றதாகத் தெரியவில்லை. கடைசியில் வாசிக்கிறவனே அழுகிறான். கண்ணீர் உருண்டு நீருக்குள் போகிறது. எடுத்துத் தருகிறவனுக்குச் சிறகாடை என்கிறான். காக்கை முயன்று தோற்கிறது. ஒரு வாத்து முங்கி எடுத்துவருகிறது, கண்ணீர் முத்தாகியிருக்கிறது. அழகான இடம், மறுக்கவில்லை. ஆனால் அழுகை அப்போதே நகையாகிவிட்டது.

இங்கே நம் ஆட்கள் உடனே ஆனாய நாயனாரை இழுத்துவருவார்கள். பகை மறந்து மிருகங்கள் கேட்டு நின்றன, இரண்டும் ஒன்றுதான் என்று. ஒன்றல்ல. ஆனாயர் குழலில் ஐந்தெழுத்து இருக்கிறது. கேட்டு முடித்ததும் அழைத்துப்போகச் சிவன் வருகிறார். வைனாமொயினனை அழைத்துப்போக யாரும் வருவதில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு அவன் சம்போவைத் தேடிப் போகிறான்.

போஹ்யோலாவின் தலைவி லோவ்ஹியிடம் பங்கு கேட்கிறான். அவள் மறுக்கிறாள். பாதி தராவிட்டால் முழுவதையும் எடுத்துப்போவேன் என்கிறான். (செய்து கொடுத்தவன் இல்மரினன்தான் என்பதால் நியாயம் யார் பக்கம் என்று வாதாட இடமுண்டு. ஆனால் கொடுத்தது அவள் மகளை மணப்பதற்காக.) அவள் ஆயுதம் தாங்கியவர்களை அழைக்கிறாள். அவன் கந்தலேயை எடுக்கிறான். மறுபடியும் அதே சபை: ஆண்கள் மலர்ந்த மனதுடன், பெண்கள் சிரித்த வாயுடன், வீரர்கள் நனைந்த கண்ணுடன், சிறுவர்கள் மண்டியிட்டு. முந்தின பாடலில் கலையின் உச்சம் என்று நம்மைச் சொல்லவைத்த அதே காட்சி. பின் ஒவ்வொருவராகச் சோர்ந்து விழுந்து, ஊர் முழுவதும் தூங்குகிறது. பையிலிருந்து உறக்க ஊசிகளை எடுத்து அவர்கள் இமைகளைப் பூட்டிவிட்டு, மலைக்குள் ஒன்பது பூட்டுக்குப் பின்னால் இருந்த சம்போவை எடுத்துக்கொண்டு படகேறுகிறார்கள்.

இதுதான் என் வாதம். ஒருசேர அழவைக்கும் சக்தியும் ஒருசேரத் தூங்கவைக்கும் சக்தியும் இரண்டல்ல. அழுகை வழியாகத்தான் தூக்கத்துக்குப் போகிறார்கள். ‘அரங்கமே அழுதது’ என்பதை மதிப்பீடாகச் சொல்லும் விமர்சனத்துக்கு 42ஆம் பாடலில் பதில் இருக்கிறது: அரங்கம் அழுதபோது வெளியே என்ன தூக்கிக்கொண்டு போகப்பட்டது?

போஹ்யோலாவை எழுப்பியது எது என்பது இன்னும் விசேஷம். திரும்பும் வழியில் லெம்மின்கைனன் பாடவேண்டும் என்கிறான். கிழவன் வேண்டாம், இன்னும் காலம் வரவில்லை என்கிறான். அவன் கேட்கவில்லை. கரகரத்த மோசமான குரலில் பாடுகிறான். மரக்கட்டையில் உட்கார்ந்திருந்த ஒரு கொக்கு மிரண்டு, அலறிக்கொண்டு வடக்கே பறக்கிறது. அந்த அலறலில் ஊர் விழிக்கிறது. மகா கலைஞன் தூங்கவைத்தவர்களை எழுப்பியவன் ஒரு மட்டமான பாடகன். துரத்தல், புயல், அலை எல்லாம் தொடர்கின்றன. மீனெலும்புக் கந்தலே கடலில் போய்விழுகிறது. சண்டையில் சம்போவும் உடைந்து போகிறது.

இந்த வரிசையை அமைத்தவர் எலியாஸ் லோன்ரோட், கயானியில் மாவட்ட வைத்தியராக இருந்தவர். கரேலியக் கிராமங்களில் சேகரித்த வெவ்வேறு பாடகர்களின் பாடல்களை இணைத்தார். 1835ல் வந்த முதல் பதிப்பு 500 பிரதிகள். நம் சிறுபத்திரிகைக்காரர்கள் ஆறுதல் கொள்ளலாம். 1849ன் விரிந்த பதிப்பு 50 பாடல்கள், 22,795 அடிகள். ரஷ்யப் பேரரசின்கீழ் இருந்த ஒரு மொழிக்கு அது தன் முகமாயிற்று, கந்தலே தேசிய வாத்தியமாயிற்று. அதில் எனக்குப் புகார் இல்லை. அந்த ஜனங்களுக்கு அது தேவைப்பட்டது. ஆனால் தேசியம் 41ஐ எடுத்துக்கொண்டு 42ஐ விட்டது. லோன்ரோட் விடவில்லை. அடுத்தடுத்து வைத்தார். தெரிந்தே வைத்தார் என்றுதான் நினைக்கிறேன். தமிழில் ஆர். சிவலிங்கம் (உதயணன்) 1994ல் முழுக் காவியத்தையும் தந்திருக்கிறார் என்பதால், துண்டுகளை வைத்துப் பேசுவதற்கு இனி நமக்கும் சாக்கு இல்லை.

44ல் இரண்டாவது கந்தலே வருகிறது. தொலைந்ததைக் கடலில் வாரித் தேடியும் கிடைக்காமல் திரும்பும்போது ஒரு பூர்ச்ச மரம் அழுவதைக் கிழவன் கேட்கிறான். ஏன் அழுகிறாய் என்று விசாரிக்கிறான். முதல் தடவையாக, வாசிக்காமல் கேட்கிறான். பட்டையை உரிக்கிறார்கள், சாற்றைக் குடிக்கிறார்கள், கிளையை ஒடித்துத் துடைப்பம் கட்டுகிறார்கள், வெட்டி எரிக்கிறார்கள், குளிரில் அம்மணமாக நிற்கிறேன் என்று அது முறையிடுகிறது. நரம்புக்கு இந்தத் தடவை பேயின் குதிரை இல்லை. காதலனுக்காகக் காத்திருந்த ஒரு பெண் தன் கூந்தலிலிருந்து கேட்டவுடன் தருகிறாள். இசையும் மகிழ்ச்சியாகவே இருக்கிறது. இதைக் கலையின் மீட்சி என்று வாசிப்பவர்கள் உண்டு. எனக்கு அவ்வளவு எளிதாக மனம் ஒப்பவில்லை. அழாதே, இனி ஆனந்தத்தில் அழுவாய் என்று மரத்துக்குச் சொல்லிவிட்டு, வெட்டுகிறார்களே என்று அழுத அந்த மரத்தையே அவனும் வெட்டிச் செதுக்குகிறான். மீனெலும்பாவது வாய் திறந்து தன் விருப்பத்தைச் சொன்னது. அந்த வாக்குறுதிக்குப் பிறகு பூர்ச்ச மரத்தின் விருப்பத்தை யாரும் கேட்கவில்லை.