லிண்டா லீ வாய் திறந்தால்

ஆபாசத்தை எதிர்த்துப் படம் எடுப்பவருக்கு எடுத்த எடுப்பிலேயே ஒரு சிக்கல். காட்டாமல் எப்படிப் புரியவைப்பது? காட்டினால், எதை எதிர்க்கிறோமோ அதையே இன்னொரு தடவை ஓட்டியதாகிவிடாதா? கனடாவின் பானி ஷெர் கிளைன் 1981இல் இயக்கிய 'நாட் எ லவ் ஸ்டோரி' ஆவணப்படத்துக்கும் இதற்கு விடை கிடைக்கவில்லை. ஆபாசப் பத்திரிகைப் படங்களைத் திரை நிறையக் காட்டும் இடங்களில் தடுக்கியே விழுகிறது. அமெரிக்க விமர்சகர் பி. ரூபி ரிச் அதைக் கடுமையாகத் தாக்கினார், தப்பில்லை. இருந்தும் எனக்குப் பிடித்த படம் அது. காரணம் லிண்டா லீ ட்ரேசி.

மாண்ட்ரியல் மேடைகளில் ஆடை களைந்து ஆடியவர் லிண்டா லீ. சிவப்புத் தொப்பிச் சிறுமியின் கதையை வைத்து அவர் போடும் ஆட்டத்தில் கவர்ச்சியைவிடக் கிண்டல்தான் தூக்கல். கிளைனோ, கடையில் தொங்கிய ஆபாசப் பத்திரிகைகள் தன் சின்ன மகளின் கண்ணில் பட்டதில் பதறிப்போன தாய். (அந்த மகள்தான் பின்னாளில் 'நோ லோகோ' என்ற நூலை எழுதிய நவோமி கிளைன்.) இருவரும் சேர்ந்து, காசு கொடுத்துச் சிறு ஜன்னல் வழியே ஆபாசக் காட்சி பார்க்கும் பீப் ஷோ கூடங்களுக்குப் போகிறார்கள், தொழிலில் இருப்பவர்களிடம் பேச்சுக் கொடுக்கிறார்கள். நடுநடுவே கேட் மில்லட், ராபின் மார்கன் போன்ற பெண்ணியர்களின் பேட்டிகள். கனமான பேச்சுதான். ஆனால் அவர்கள் முடிவுக்கு வந்துவிட்டுப் பேசுகிறார்கள். லிண்டா லீ பேசிக்கொண்டே யோசிக்கிறார். எதிர்த்துச் சொல்கிறார், தயங்குகிறார், நக்கலடிக்கிறார். முகத்திலேயே அத்தனையும் தெரிகிறது.

ஆபாசப் பத்திரிகைகளுக்காகப் படம்பிடித்து வந்த சூஸ் ராண்டாலின் கேமரா முன் லிண்டா லீ தானாகவே போய் நிற்கும் காட்சிதான் படத்தின் உச்சம். எடுப்பவரும் பெண். அச்சான பக்கத்தில் அந்த மாதிரிப் படத்தைப் பார்ப்பவருக்கு, ஆசை அந்தப் பெண்ணுடையது என்றே தோன்றும். இங்கே அந்த ஆசையை இன்னொருவர் உட்கார்ந்து தயாரிப்பதைப் பார்க்கிறோம். எத்தனை பேட்டி எடுத்தாலும் இது கிடைக்காது.

கனடா தேசியத் திரைப்பட வாரியத்துக்குள் 1974இல் கேத்லீன் ஷானன் தொடங்கிய ஸ்டுடியோ டி என்ற பெண்கள் பிரிவு எடுத்த படம் இது. அரசுப் பணத்தில் உருவான படத்தை ஒன்டாரியோ மாகாணத் தணிக்கை வாரியம் பொதுத் திரையிடலுக்கு அனுமதிக்கவில்லை! தனிக் காட்சிகளில் பார்த்துக்கொண்டார்கள்.

படத்தின் கதைப்போக்கு, வழிதவறியவள் திருந்தும் பழைய கதையை நோக்கியே லிண்டா லீயைத் தள்ளுகிறது. தன்னைக் காட்டிய விதம் அவருக்கே பின்னாளில் ஒப்பவில்லை. 'குரோயிங் அப் நேக்கட்' என்ற நூலில் தன் வாழ்க்கையைத் தானே எழுதினார். ஆவணப்பட இயக்குநரும் ஆனார். இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால், எடிட்டிங் அவரைத் திருத்தப் பார்க்கும் இடங்களும், அதற்கு அவர் பிடிகொடுக்காமல் சிரித்துவிடும் இடங்களும் தனித்தனியாகத் தெரியும்.