திக் நாட் ஹான் கண்ட கிறிஸ்து

வியட்நாமியத் துறவி திக் நாட் ஹான் தமது தவக்குடிலின் சிறு பீடத்தில் புத்தரின் உருவத்தோடு இயேசுவின் உருவத்தையும் வைத்து, இருவரையும் தம் ஆன்மீக முன்னோராகப் போற்றி வந்தார். 1995-ஆம் ஆண்டு ஆங்கிலத்தில் வெளிவந்த ‘வாழும் புத்தர், வாழும் கிறிஸ்து’ என்னும் அவரது நூலில் இச்செய்தி தொடக்கத்திலேயே இடம்பெறுகின்றது. ஆசீர்வாதப்பர் சபைத் துறவி டேவிட் ஸ்டைன்டல்-ராஸ்ட் அதற்கு அணிந்துரை வழங்கினார். மேலைநாட்டுக் கிறிஸ்தவர் பலர் விரும்பிப் படித்த நூல் அது. ஆசிரியர் 2022 சனவரியில், தமது 95-ஆம் வயதில் மறைந்தார். நூலோ இன்றும் வாசிக்கப்படுகின்றது. பௌத்தர் ஒருவரின் கண்வழியே நம் ஆண்டவரைக் காணும் வாய்ப்பு நமக்கு அடிக்கடி வாய்ப்பதில்லை. ஆதலின் இதனைச் சற்று நின்று நோக்குவோம்.

அந்தப் பீடத்தின் அருமை வியட்நாமின் வரலாற்றை அறிந்தோர்க்கே விளங்கும். பிரெஞ்சுக் குடியேற்ற ஆட்சியின் நிழலில் மறைப்பணி வளர்ந்த நாடு அது. 1963-இல் தென்வியட்நாமை ஆண்ட ஙோ தின் தியெம் ஒரு கத்தோலிக்கர். அவருடைய அண்ணன் ஹுவே நகரின் பேராயர். அவ்வாண்டு மே மாதம் பேராயரின் விழாவுக்காக வத்திக்கான் கொடிகள் பறந்த அதே நகரில், சில நாள்களுக்குள் புத்தர் பிறந்தநாள் வந்தபோது பௌத்தக் கொடிக்குத் தடை விழுந்தது. எதிர்த்துக் கூடிய மக்களுள் சிலர் உயிரிழந்தனர். சூன் 11 அன்று சைகோன் நாற்சந்தி ஒன்றில் திக் குவாங் தூக் என்னும் முதிய துறவி தம்மைத் தீக்கு இரையாக்கி, அசையாது அமர்ந்தபடியே மாண்டார். ஹுவேயில் பிறந்து, அங்கேயே பதினாறு வயதில் மடம் புகுந்தவர் நாட் ஹான். இத்தகைய சூழலில் கிறிஸ்தவத்தின் அழகைக் காண்பது தமக்கு எளிதாக இருக்கவில்லை என்று அவர் எழுதுகிறார். அதற்குமேல் ஒரு கடுஞ்சொல்லும் இல்லை. அவ்வழகை அவருக்குக் காட்டியவர்கள் கிறிஸ்தவ நண்பர்களே. மார்ட்டின் லூதர் கிங் அவர்களுள் ஒருவர். 1966-இல் கெத்செமனி மடத்தில் அவரை வரவேற்றுத் தம் உடன்பிறப்பாக அறிவித்த தாமஸ் மெர்ட்டன் மற்றொருவர்.

நூலின் சிறந்த பக்கங்கள் அப்பத்தைப் பற்றியவை. ஒரு துண்டு அப்பத்தை முழு விழிப்போடு உண்பவர் அதில் கதிரவனையும் முகிலையும் மண்ணையும் சந்திக்கிறார் என்பது ஆசிரியரின் பாடம். இறுதி இராவுணவில் இயேசு உரைத்த சொற்கள், மறதியில் கிடந்த சீடர்களை உலுக்கி எழுப்பக் கையாண்ட வன்மையான வழி என்றும் அவர் விளக்குகிறார். திருப்பலியில் கால் கடுக்க வரிசையில் நின்று, நற்கருணையை வாங்கி விழுங்கிவிட்டு, மனம் வீட்டு அடுப்படியில் அலையத் திரும்பும் நமக்கு இந்தப் பௌத்தரின் நினைவூட்டல் தேவையானதே. ஆனால் அவ்வப்பம் நமக்காகப் பிட்கப்பட்டது என்னும் செய்தி இப்பக்கங்களில் மெலிந்துவிடுகின்றது. கதிரவனும் முகிலும் உள்ளன. மறுநாளைய மரணம் ஒதுங்கி நிற்கின்றது.

விழிப்புநிலை என்னும் இச்சொல் இன்று அலுவலகக் களைப்பைப் போக்கும் மருந்தாகப் பல நாடுகளில் விற்கப்படுகின்றது. நாட் ஹானை அந்த வணிகத்தோடு சேர்த்து எண்ணுவது அநீதி. விழிப்புநிலை பற்றிய அவரது புகழ்பெற்ற சிறுநூல் 1974-இல் நாடுகடந்த நிலையில், வியட்நாமிலிருந்த தம் இளைஞர் தொண்டுப் பள்ளியின் ஊழியர் ஒருவருக்கு அவர் எழுதிய நீண்ட மடலாகும். குண்டுவீச்சில் அழிந்த ஊர்களைக் கட்டியெழுப்பிய அத்தொண்டர்களுள் சிலர் கொல்லப்பட்டனர். எஞ்சியோர் வெறுப்புக்கு ஆளாகாமல் பணி தொடரவே அவர் மூச்சைக் கவனிக்கக் கற்றுத்தந்தார்.

தூய ஆவியாரைப் பற்றிய பகுதியில் நமக்கு உடன்பாடு குறைகின்றது. தூய ஆவி கடவுள் அனுப்பும் ஆற்றல், விழிப்புநிலையும் அதனைப் பெரிதும் ஒத்தது என்கிறார் ஆசிரியர். விழிப்புநிலை பயிற்சியால் வளர்வது. ஆவியாரோ தாம் விரும்பியவாறு வருபவர், சில வேளைகளில் நம் பயிற்சிகளையே கலைத்துவிடுபவர். ஒப்புமையின் இனிமையில் இவ்வேறுபாடு கரைந்துபோகின்றது. அலை தோன்றி மறையும், நீர் என்றும் நிற்கும் என்னும் உவமைக்கும் இதே குறைதான். இயேசுவை நீரிலெழுந்த அலையாக மட்டும் காண்போர்க்குப் போன்சியு பிலாத்து ஏன் நம் நம்பிக்கை அறிக்கையில் இடம்பெற்றான் என்பது விளங்காது.

நூல் வெளிவந்த காலத்தையும் நினைவில் கொள்ளவேண்டும். திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் 1994-இல் வெளியிட்ட நூலொன்றில், பௌத்தம் பெருமளவு கடவுளற்ற நெறி என்றும், அதன் மீட்புக் கொள்கை உலகை மறுப்பது என்றும் எழுதியிருந்தார். 1995 சனவரியில் யோசே வாஸ் அடிகளாரை அருளாளராக உயர்த்த அவர் கொழும்பு வந்தபோது, பௌத்த பிக்குகளின் தலைவர்கள் சமயத் தலைவர் கூட்டத்தைப் புறக்கணித்தனர். கிறிஸ்து ஒப்பற்றவர் என்னும் திருத்தந்தையின் கூற்றைச் சுட்டி, அது உரையாடலின் கதவை அடைக்கும் என்று நாட் ஹான் மறுமொழி கூறுகிறார். போர்க்களத்தில் பள்ளியும் ஊரும் கட்டிய ஒருவரின் நெறியை உலக மறுப்பு என்பது பொருந்தாது. ஆயினும், ஒவ்வொரு மனிதரும் ஒப்பற்றவரே என்று அவர் தரும் விடை வினாவைக் கடந்துசெல்கிறதேயன்றி எதிர்கொள்ளவில்லை. களனியில் ‘துலானா’ ஆய்வு மையத்தை நிறுவிய இயேசு சபைத் தந்தை அலோசியஸ் பீரிஸ், பௌத்தத்தின் ஞானமும் கிறிஸ்தவத்தின் அன்பும் ஒன்றையொன்று வேண்டி நிற்பவை என்று கற்பித்தபோது, இரண்டின் வேறுபாட்டையும் மழுப்பாமல் வைத்துக்கொண்டார். அத்தெளிவு இங்குக் கிட்டவில்லை.

1999-இல் இதன் தொடர்ச்சியாக வந்த மற்றொரு நூலில் நாட் ஹான் சிலுவையைப் பற்றி வெளிப்படையாகவே பேசுகிறார். அறையுண்ட இயேசுவின் உருவம் தமக்கு வேதனை தருகின்றது, அதில் மகிழ்வோ அமைதியோ இல்லை, பத்மாசனத்தில் அமர்ந்தவராகவும் நடைத்தியானம் செய்பவராகவும் அவரைக் காட்டலாமே என்கிறார். (பத்மாசன இயேசுவை இந்தியக் கிறிஸ்தவ ஓவியர்கள் எப்பொழுதோ வரைந்துவிட்டனர்.) பிரெஞ்சுப் படைக்கலங்களின் துணையோடு சிலுவை வந்திறங்கிய நாட்டவர்க்கு அவ்வேதனை இயல்பே, அதில் நம் பங்கும் உண்டு. ஆனால் இதே நாட் ஹான் 1965 சூன் 1 அன்று மார்ட்டின் லூதர் கிங்கிற்கு ஒரு கடிதம் எழுதினார். தீக்குளித்த துறவிகள் செய்தது தற்கொலை அன்று, ஒடுக்குவோரின் நெஞ்சை அசைத்து, மக்களின் துயருக்கு உலகின் கண்களைத் திறக்கவே அவர்கள் எரிந்தனர் என்று அதில் வாதாடினார். துறவறம் ஏற்கும் நாளில் தலையில் சிறு சூட்டுத் தழும்புகளை ஏற்கும் வழக்கத்தோடு அதனை இணைத்துக் காட்டினார். தம்மைத்தாமே எரித்துக்கொள்வதைத் திருச்சபை ஏற்காது. கல்வாரியில் நிகழ்ந்ததோ ஆட்சியாளர் இழைத்த கொலை. இவ்வேறுபாட்டை மறக்காமலே கேட்கிறோம்: பிறர்க்காக ஏற்கும் வேதனைக்கு ஒரு மொழி உண்டு என்பதை அவ்வளவு ஆழமாக உணர்ந்தவர், சிலுவையில் மட்டும் அம்மொழியைக் கேளாமற்போனது எங்ஙனம்?

இந்நூலை வாசிக்க விரும்புவோர் அக்கடிதத்தையும் உடன்வைத்து வாசித்தல் நன்று. 1967-இல் வந்த ‘வியட்நாம்: நெருப்புக் கடலில் தாமரை’ என்னும் அவரது நூலின் பின்னிணைப்பில் அஃது உள்ளது. அந்நூலுக்கு முன்னுரை எழுதியவர் தாமஸ் மெர்ட்டன்.