காலிக் குழி

ராபர்ட் லூயி ஸ்டீவன்ஸனின் 'ட்ரெஷர் ஐலண்ட்' சிறுவர் புத்தகம் என்று ஒதுக்கப்பட்டிருப்பதில் ஒரு சௌகரியம் இருக்கிறது. படிக்காமலேயே படித்துவிட்டதாக நினைத்துக்கொள்ளலாம். இங்கே அதைத் துணைப்பாடமாக, சுருக்கிய பதிப்பில் முடித்தவர்கள்தான் அதிகம். சுருக்கியவர்கள் புதையலை வைத்துக்கொண்டு நாவலை விட்டுவிட்டார்கள்.

கடற்கொள்ளைக்காரர்கள் பெரும்பாலும் கிடைத்ததைப் பங்கு போட்டுச் செலவழித்தவர்கள். புதைத்துப் படம் வரைந்து காத்திருக்கும் பொறுமை அவர்களுக்கு இல்லை. நிச்சயமாகப் புதைத்தவன் காப்டன் கிட். 1699-ல் நியூயார்க்கை அடுத்த கார்டினர்ஸ் தீவில் அவன் புதைத்ததைக் கவர்னர் பெல்லமான்ட் உடனே எடுக்கச் செய்து, பட்டியல் போட்டு, சாட்சியமாக லண்டனுக்கு அனுப்பிவிட்டார். 1701-ல் கிட் தூக்கிலிடப்பட்டான். விஷயம் அதோடு முடிந்திருக்க வேண்டும். அதற்குப் பிறகுதான் அமெரிக்கக் கிழக்குக் கரை நெடுகிலும் கடப்பாரைகள் கிளம்பின. கனடாவின் ஓக் தீவில், 1795-ல் பள்ளம் கண்டதாகச் சொல்லப்படும் இடத்தில், இருநூறு வருஷங்களுக்கு மேல் தோண்டியிருக்கிறார்கள். 1909-ல் தோண்டிய கூட்டத்தில், பின்னால் ஜனாதிபதியான ஃப்ராங்ளின் ரூஸ்வெல்ட்டும் இருந்தார். 1965-ல் ஒரே நாளில் நான்கு பேர் அங்கே குழிக்குள் விஷவாயுவில் செத்தார்கள்.

போவின் 'தி கோல்ட் பக்' (1843) கிட்டின் புதையலைப் பற்றியதுதான். லெக்ராண்ட் சங்கேத எழுத்தை, அதிகம் வரும் குறியிலிருந்து தொடங்கி, படிப்படியாக உடைக்கிறான். பெட்டி கதையின் நடுவிலேயே அகப்பட்டுவிடுகிறது. மிச்சமெல்லாம் விளக்கம். விளக்கம் முடிந்ததும் கதையும் தீர்ந்துபோகிறது. கணக்கு டாலியாகிவிட்டது, பேரேட்டை மூடலாம். போவிடம் நாம் எதிர்பார்க்கும் பயம், குழியில் கிடந்த இரண்டு எலும்புக்கூடுகளிடமிருந்துதான் கடைசியில் கொஞ்சம் எட்டிப்பார்க்கிறது.

திசைகாட்டும் எலும்புக்கூட்டைப் போவிடமிருந்து எடுத்ததாக ஸ்டீவன்ஸனே ஒப்புக்கொண்டிருக்கிறார். ஆனால் அவருடைய எலும்புக்கூடு காட்டுவது காலிக் குழியை. படத்தின்படி எல்லாம் சரியாக இருக்கிறது, மரம், திசை, அடிக்கணக்கு. உள்ளே உடைந்த பிக்காஸ் பிடி, பெட்டிப் பலகைகள், ஒரே ஒரு இரண்டு கினி நாணயம். தீவில் மூன்று வருஷம் தனியாக விடப்பட்டு, சீஸுக்கு ஏங்கிக் கிடந்த பென் கன், கப்பல் வருவதற்கு முன்பே எல்லாவற்றையும் முதுகில் சுமந்து தன் குகைக்குக் கொண்டுபோய்விட்டான். படம் பிரயோசனமற்றது என்று தெரிந்த பிறகுதான் டாக்டர் அதைக் கொள்ளைக்காரர்களிடம் தூக்கிக் கொடுக்கிறார். குத்தும் கொலையும் ஒரு செல்லாத காகிதத்துக்காக. பங்காகக் கிடைத்த ஆயிரம் பவுனைப் பென் கன் பத்தொன்பது நாளில் தொலைக்கிறான். ஜிம்முக்கு நாணயங்களைத் தேசவாரியாகப் பிரித்து அடுக்குவதில் சந்தோஷம். (நாள் முழுக்க அதையே செய்து சம்பளம் வாங்குகிறவன் நான்; எனக்கு அந்தச் சந்தோஷம் புரியவில்லை.)

நாவலே ஒரு படத்திலிருந்து பிறந்தது. 1881-ல் ஸ்காட்லாந்தின் பிரேமாரில், மழைக்கு அடைந்து கிடந்தபோது வரைந்த தீவு. முதலில் இடங்கள், அவற்றிலிருந்து சம்பவங்கள். தொடராக வந்து, புத்தகமாகும் சமயம் பதிப்பாளருக்கு அனுப்பிய படம் போய்ச் சேரவில்லை. கதையைப் பக்கம் பக்கமாகப் புரட்டிக் குறிப்பெடுத்து, அதற்குப் பொருந்த வேறொரு படத்தைத் தகப்பனார் ஆபீஸில் வைத்து வரைய வேண்டியதாயிற்று. கலங்கரை விளக்கம் கட்டும் இன்ஜினீயரான தகப்பனார் ஃப்ளின்ட்டின் கையெழுத்தைப் போட்டுக்கொடுத்தார். இந்த இரண்டாவது படத்தை ஸ்டீவன்ஸனால் கடைசிவரை தன் தீவாக ஏற்க முடியவில்லை. புத்தகத்தில் இருப்பது இதுதான்.

நம்மிடையே கவிதை படிப்பவர்களில் பாதிப்பேர் லெக்ராண்டுகள். பூனை என்றால் மத்தியதர வர்க்கம், ஜன்னல் என்றால் சாவு என்று கையில் பட்டியலோடு வருகிறார்கள். நல்ல கவிதை அகப்பட்டால் அன்றைக்கே தோண்டி, 'கருத்து' என்று ஒன்றை வெளியே எடுத்துப் போட்டுவிட்டு, அடுத்த கவிதைக்குப் போய்விடுகிறார்கள். எழுதுகிறவர்களும் இதைத் தெரிந்துகொண்டு, தோண்டுகிறவனுக்கு ஏமாற்றம் வேண்டாமென்று எதையாவது புதைத்து வைக்கிறார்கள். இப்போது வருகிற இருண்மைக் கவிதைகளில் பெரும்பகுதி இந்தப் பரஸ்பர உபகாரம். வரைந்த படத்திலிருந்து எழுதியவனுக்கும், எழுதியதிலிருந்து படம் போடுகிறவனுக்கும் வித்தியாசமே இல்லாமல் போய்விட்டது.

ஜிம் முதல் வாக்கியத்திலேயே ஒன்றை மறுத்துவிடுகிறான்: தீவின் இருப்பிடத்தைச் சொல்லமாட்டான், இன்னும் எடுக்காத புதையல் அங்கே இருப்பதால். கடைசிப் பக்கத்தில், ஃப்ளின்ட் புதைத்த வெள்ளிக் கட்டிகள் அங்கேயே கிடக்கட்டும், தன்னைக் கட்டி இழுத்தாலும் போவதாக இல்லை என்கிறான். படம் அவனிடம்தான் இருக்கிறது.