வைட்டிலாவில் தரைதட்டும் கணக்குகள்

கொச்சியின் வைட்டிலாவில் பேருந்தும் மெட்ரோ ரயிலும் மின்படகும் ஏறத்தாழ ஒரே வளாகத்தில் சந்திக்கின்றன. மொபிலிட்டி ஹப் எனப்படும் பேருந்து நிலையம் 2011இல் திறந்தது. மெட்ரோ 2019 செப்டம்பரில் வந்து சேர்ந்தது. காக்கநாட்டுக்கு வாட்டர் மெட்ரோ 2023 ஏப்ரலில் புறப்பட்டது. கரிம உமிழ்வு குறைந்த சமுதாயம் என்று ஆய்வறிக்கைகள் வரைந்து காட்டும் படத்தை நேரில் பார்க்க விரும்புகிறவரை இங்கே அழைத்து வரலாம். ஆனால் இதே சந்திப்பின் தலைக்கு மேல் 2021 ஜனவரியில் ஆறுவழி மேம்பாலமும் திறக்கப்பட்டது. காரை விட்டுவிட்டு வாருங்கள் என்று கீழே ஒரு முதலீடு அழைக்கிறது. காரிலேயே நிற்காமல் போங்கள் என்று மேலே இன்னொரு முதலீடு வழிவிடுகிறது. இரண்டையும் ஒரே தாளில் வைத்துக் கூட்டிக் கழித்தவர் யார்?

அந்த ஒரே தாளைத் தயாரிப்பதுதான் எரிசக்திப் பாதைக் கணிப்பின் வேலை. வீட்டு விளக்கு, அடுப்பு, லாரி, தொழிற்சாலைக் கொதிகலன் என்று எரிசக்தி செலவாகும் இடங்களையெல்லாம் பட்டியலிட்டு, மக்கள்தொகையும் வருமானமும் கருவிகளும் கொள்கைகளும் இப்படி மாறினால் 2040இல், 2050இல் என்ன தேவைப்படும், எவ்வளவு கரியமில வாயு வெளியேறும் என்று கணிக்கிறார்கள். ஸ்டாக்ஹோம் சுற்றுச்சூழல் நிறுவனத்தின் ‘லீப்’ மென்பொருள் பல நாடுகளில் இதற்குப் பயன்படுகிறது. பிரிட்டனில் இயற்பியலாளர் டேவிட் மக்கேயின் முன்னெடுப்பில் 2010இல் வெளிவந்த 2050 கணிப்பானைப் பின்பற்றி, நம் நாட்டின் திட்டக் குழுவும் 2014இல் 2047ஆம் ஆண்டுக்கான ஒன்றை வெளியிட்டது. பிறகு நிதி ஆயோக் அதை ஏற்று நடத்தியது. ஒவ்வொரு துறைக்கும் நான்கு நிலை முயற்சிகள்: குறைந்தபட்சம் முதல் அசாத்தியம் வரை. கேரளத்துக்கென்றே 2013இல் டபிள்யூ.டபிள்யூ.எஃப்.–இந்தியாவும் புனேயின் உலக நீடித்த எரிசக்தி நிறுவனமும் சேர்ந்து ஓர் அறிக்கை தந்தன. 2050க்குள் முழுவதும் புதுப்பிக்கத்தக்க எரிசக்தி என்பது அதன் இலக்கு. மின்சாரத்தோடு நின்றுவிடாமல் போக்குவரத்து, சமையல், தொழில் எல்லாவற்றையும் அது கணக்கில் சேர்த்தது. உற்பத்தியைப் பெருக்குவதற்கு முன்னால் தேவையைக் குறைக்க வழி தேடியது.

இந்த முறையின் பெரிய பலம் அங்கேதான் இருக்கிறது. இது ‘இன்னும் எவ்வளவு வேண்டும்’ என்ற கேள்வியை ‘எதற்காக வேண்டும்’ என்று திருப்பிப் போடுகிறது. இதற்கு நம் பக்கத்திலேயே சிறந்த முன்னோடி உண்டு. 1980களின் இறுதியில் கர்நாடகத்தின் நீண்டகால மின்திட்டக் குழு 2000ஆம் ஆண்டுக்கு மிகப் பெரிய மின்தேவையை முன்வைத்தது. பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தின் அமுல்ய ரெட்டியும் அவர் குழுவினரும் 1991இல் மறுகணக்கு ஒன்றைப் போட்டார்கள். எல்லா வீட்டுக்கும் மின்இணைப்பு தந்து, குண்டு பல்புகளை மாற்றி, வெந்நீருக்குச் சூரியனைப் பயன்படுத்தினால், குழு சொன்னதில் பாதிக்கும் குறைவான மின்சாரமே போதும் என்று காட்டினார்கள். ஏழை வீட்டு விளக்கைக் கணக்கின் மையத்தில் வைத்தும் மொத்தத் தேவை சுருங்கியதை அந்த ஆய்வின் மிக முக்கியமான கண்டுபிடிப்பாகக் கருதுகிறேன். கேரளத்தில் இதற்கும் முன்பே, 1979இல், எம்.கே. பிரசாத், எம்.பி. பரமேஸ்வரன், கே.பி. கண்ணன் உள்ளிட்டோர் சாஸ்திர சாகித்ய பரிஷத் என்ற மக்கள் அறிவியல் இயக்கத்தின் வழியாக அமைதிப் பள்ளத்தாக்கு நீர்மின் திட்டத்தை எண்களோடு எதிர்கொண்டார்கள். தாவரவியலாளரும் பொறியாளரும் பொருளியலாளரும் ஒரே மேசையில் அமர்ந்து அரசின் கணக்கைப் பிரித்துப் பார்த்ததால், காட்டைக் காக்கும் வாதத்துக்கு வலுவான எலும்புக்கூடு கிடைத்தது. கணக்கு அதிகாரத்தின் கையில் மட்டும் இருக்க வேண்டியதில்லை என்பதற்கு இவ்விரண்டும் சான்றுகள்.

கோளாறு, ‘இப்படியானால் இப்படி’ என்ற நிபந்தனை வாக்கியம் மெல்ல ‘இப்படித்தான் ஆகும்’ என்ற வாக்குறுதியாக மாறும்போது தொடங்குகிறது. மத்திய மின்சார ஆணையத்தின் 18ஆவது மின்தேவை ஆய்வு, 2021–22இல் நாட்டின் உச்ச தேவை 283 ஜிகாவாட்டைத் தொடும் என்றது. உண்மையில் அது 203 ஜிகாவாட் அளவிலேயே நின்றது. நடுவில் எழும்பிய நிலக்கரி நிலையங்களில் பல வாங்க ஆளின்றி முடங்கி, வங்கிக் கடன் சிக்கலாகி, விவகாரம் நாடாளுமன்றக் குழு விசாரிக்கும் அளவுக்குப் போனது. எதிர்த்திசையிலும் பிழை நேர்ந்தது. 2010இல் ஏலத்தில் யூனிட்டுக்கு 10 ரூபாயைத் தாண்டிய சூரிய மின்சாரம், 2017இல் ராஜஸ்தானின் பாட்லாவில் 2.44 ரூபாய்க்கு இறங்கும் என்று அன்றைய பாதைக் கணிப்புகள் எதிர்பார்க்கவில்லை. கொச்சி மெட்ரோவின் திட்ட அறிக்கை அன்றாடம் மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட பயணிகளை எதிர்பார்த்தது. ஒரு லட்சத்தை எட்டவே ஆண்டுகள் பிடித்தன. கார்களிலிருந்து மெட்ரோவுக்கு மாறுவோரால் இத்தனை டன் கரிமம் மிச்சம் என்ற மதிப்பீடும் அந்தப் பயணிகள் எண்ணிக்கையின் மேல்தான் நிற்கிறது.

இதைவிட ஆழமான குறை ஒன்று உண்டு: ஆண்டுக் கணக்கு மணிக் கணக்கை மறைப்பது. கேரளத்துக்கு ஓர் ஆண்டில் இத்தனை யூனிட் தேவை, கூரைகளிலும் அணைகளிலும் இத்தனை யூனிட் கிடைக்கும் என்று கூட்டினால் தாள் நேராகிவிடும். ஆனால் 2024 மே மாதத் தொடக்கத்தில் மாநிலத்தின் உச்ச தேவை 5,797 மெகாவாட்டைத் தொட்டபோது, மின்வாரியத்தை வாட்டியது சூரியன் மறைந்த பிறகான மணிகள். படுக்கையறைக் குளிர்சாதனங்களும் சார்ஜில் போட்ட வண்டிகளும் ஒன்றாக இழுக்கும் நேரம் அது. நண்பகலில் கூரையிலிருந்து தந்த யூனிட்டும் இரவு 10 மணிக்குத் திரும்ப எடுக்கும் யூனிட்டும் சமம் என்று நிகர அளவீட்டு முறை எண்ணுகிறது. மின்கட்டமைப்பு அப்படி எண்ணுவதில்லை. 2025இல் அந்த அளவீட்டு முறையைச் சுருக்க முனைந்த மின் ஒழுங்குமுறை ஆணையத்தின் வரைவு விதிகளைக் கண்டு கூரையில் சூரியப் பலகை வைத்த வீட்டுக்காரர்கள் கொதித்ததன் வேரும் இதுதான். கடன் வாங்கிப் பலகை வைத்தவரின் கோபத்தில் நியாயம் இருக்கிறது. இரவு மின்சாரத்துக்கு யார் விலை கொடுப்பது என்ற கேள்வியிலும் நியாயம் இருக்கிறது. முன்கூட்டியே மணி வாரியாகக் கணக்குப் போட்டிருந்தால் இந்த மோதலைத் தவிர்த்திருக்கலாம். நீர்மின்சாரத்தை உறுதியான ஆதாரமாக எழுதி வைப்பதும் இனி செல்லாது. 2018இல் பெருவெள்ளம் கண்ட மாநிலம், 2023இல் நூற்றாண்டில் காணாத வறண்ட ஆகஸ்டையும் கண்டது.

வைட்டிலாவின் மின்படகையும் இந்த உரைகல்லில் உரசிப் பார்க்க வேண்டும். லித்தியம் டைட்டனேட் மின்கலம் பதினைந்து நிமிடங்களுக்குள் நிரம்பிவிடுகிறது. புகை இல்லை, இரைச்சல் குறைவு. ஆனால் கேரளம் தன் மின்சாரத்தின் பெரும்பகுதியை வெளியிலிருந்து வாங்குகிறது. நாட்டின் மின்கட்டமைப்பில் ஒரு யூனிட்டுக்கு ஏறத்தாழ 0.7 கிலோ கரியமில வாயு இன்னும் ஒட்டிக்கொண்டு வருகிறது. இதே கேரளத்தில், வைக்கத்துக்கும் தவணக்கடவுக்கும் இடையே 2017 முதல் ஓடும் ‘ஆதித்யா’ படகு தன் கூரையிலேயே 20 கிலோவாட் சூரியப் பலகையைச் சுமக்கிறது. 75 பேர் ஏறும் அந்தப் படகை வடிவமைத்ததும் கொச்சி நிறுவனமே. வேகமும் சொகுசும் வாட்டர் மெட்ரோவில் கூடுதல். கரிமக் கணக்கில் ஆதித்யாதான் முன்னால் நிற்கிறது. வாட்டர் மெட்ரோவில் ஏறுவோரில் சுற்றுலாப் பயணிகளும் கணிசம். நகரைச் சுற்றிப் பார்க்க வந்தவர் படகில் ஏறினால், எந்தக் கார்ப் பயணம் குறைந்தது? ஏறிய தலைகளை எண்ணுவது எளிது. ஏறாமல் இருந்திருந்தால் எதில் போயிருப்பார்கள் என்று கேட்டு எழுதுவதுதான் பாடு.

கணக்குக்குள் வராத பொருள்களும் உண்டு. 78 படகு, 38 நிறுத்தம், 15 வழித்தடம் என்று வாட்டர் மெட்ரோ திட்டம் பேசியது. கொச்சி கப்பல் கட்டும் தளத்துக்கு முதலில் போன ஆணை 23 படகுகளுக்கு. மட்டாஞ்சேரிப் படகுத்துறையோ வண்டல் படிந்து ஆண்டுக்கணக்கில் சேவையின்றிக் கிடந்தது. வாட்டர் மெட்ரோ அங்கே வந்தது 2025 அக்டோபரில்தான். தூர்வாரும் ஒப்பந்தம் தாமதமானால் உமிழ்வுக் கோடு எவ்வளவு மேலேறும் என்று காட்டும் மென்பொருளை நான் பார்த்ததில்லை. அருகே ஃபோர்ட் கொச்சி தோபி கானாவில், தமிழ் பேசும் சலவைத் தொழிலாளர்கள் தலைமுறைகளாகத் துணிகளை முறுக்கிய கயிற்றிடுக்கில் செருகி வெயிலில் உலர்த்துகிறார்கள். அந்த வெயில் எந்த எரிசக்திப் புள்ளிவிவரத்திலும் இல்லை. நாளை அந்த வேலை மின்உலர்த்திக்கு மாறினால் தேவை கூடியதாகப் பதிவாகும். கூடவே எரிசக்தி வசதி பெருகிய வளர்ச்சியாகவும் தெரியும். இன்று அவர்கள் மிச்சப்படுத்தித் தருவதற்கு எந்தப் பத்தியிலும் வரவு இல்லை.

இத்தனை குறை இருந்தும் இந்தக் கணிப்புகளைத் தூக்கிப் போடச் சொல்ல மாட்டேன். அவை இல்லாத இடத்தில் ஒப்பந்ததாரரின் மதிப்பீடும் அமைச்சரின் அறிவிப்பும் மட்டுமே எஞ்சும். கேரளம் 2040க்குள் முழுவதும் புதுப்பிக்கத்தக்க எரிசக்தி, 2050க்குள் கரிமச் சமநிலை என்று அறிவித்திருக்கிறது. அந்த அறிவிப்பின் அடியில் இருக்கும் அனுமானங்களை மலையாளத்தில் வெளியிட வேண்டும். மணி வாரியான கணக்கு அதில் இருக்க வேண்டும். 2013 அறிக்கையும் மெட்ரோ திட்ட அறிக்கையும் சொன்னவற்றில் எது பலித்தது, எது பொய்த்தது என்ற ஒப்பீடு முதல் அத்தியாயமாக வர வேண்டும். மேம்பாலத்தையும் மெட்ரோவையும் ஒரே பக்கத்தில் எழுத வேண்டும். மின்கட்டணத்தைச் சில பைசா உயர்த்துவதற்கே ஒழுங்குமுறை ஆணையம் எர்ணாகுளம் உட்படப் பல ஊர்களில் பொது விசாரணை நடத்திக் கருத்துக் கேட்கிறது. அடுத்த கால் நூற்றாண்டின் மின்சாரத்தையும் போக்குவரத்தையும் தீர்மானிக்கப்போகும் கணக்குக்கு அந்த அளவு விசாரணையாவது நடக்கட்டும்.